ஈட்டுச்சீட்டு இல. 4417

பொருள்: கல், ஒன்று.
நிறை: தராசு ஒத்துக்கொள்ளவில்லை.
பெறுமதி என்ற கட்டத்தில்
பேனை கொஞ்ச நேரம் நின்றது.

மத்திய வீதி, எங்கள் அடகுக்கடை.
காலை லாஞ்சில் மூதூரிலிருந்து வந்தவள்,
பெயர் சித்தி பரீனா,
சீலைத் தலைப்பில் இன்னும் உப்புத் தெறிப்பு,
சொப்பிங் பையைப் பிரித்து வைத்தாள்.
பாதித் தேசிக்காய் அளவில் ஒரு பளிங்கு.
உள்ளே ஒரு குமிழி
மேலே வரப் புறப்பட்டு
வந்து சேராமலே இருந்தது.

“சங்கு குளிக்கப் போன மனிசன்
நங்கூரச் சங்கிலிக்குள்ளால எடுத்தது.
விக்க இல்ல. ஈடு வைக்கத்தான்.”

உரைத்துப் பார்த்தேன்; உரைகல்தான் தேய்ந்தது.
மாணிக்கமில்லை, புஷ்பராகமில்லை,
புல்மோட்டை மணலில் மினுங்குகிற எதுவுமில்லை.
“இதுக்குக் காசு தர ஏலாது” என்றேன்.
அவள் மறுத்துப் பேசவில்லை.
உள்ளங்கையில் வைத்துப் பொத்தினாள்.

விசிறி நின்றது. மின்வெட்டு என்று நினைத்தேன்.
லொத்தர் வண்டியின் ஒலிபெருக்கி
‘நாளைய’ என்பதில் ‘நா’வோடு நின்றது.
வாசலில் ஒரு மான்,
வாழைத்தோல் பாதி வாய்க்குள், பாதி வெளியே.
பேரின்பம் ஐயாவின் கொட்டாவி திறந்தபடி.
மேல்வரிசை கட்டுப்பல் என்று அன்றுதான் தெரியும்.
திருகோணமலை முழுவதிலும்
நாங்கள் இரண்டு பேர் மட்டும் மூச்சுவிட்டோம்.

“பொத்தினா நிக்கும். விட்டா ஓடும்.
பின்னால போகாது, கெஞ்சிப் பாத்துட்டன்.
மகனுக்குக் காய்ச்சல்.
இந்த ராவு தாண்டட்டும் எண்டார் டொக்டர்.
தாண்ட விட எனக்குப் பயம்.
பொத்திக்கிட்டே இருந்தன்.
எத்தின நாளெண்டு எண்ண
நாளே வரல்லயே.
மௌத்தாகவும் இல்ல, சுகமாகவும் இல்ல.
நெத்தியில ஒரு வேர்வைத் துளி
உருளவும் இல்ல, காயவும் இல்ல.
இண்டைக்குத்தான் கைய விரிச்சன்.
மாமிய பக்கத்தில வச்சிட்டு லாஞ்சு ஏறிட்டன்.
ராவைக்குத் திரும்பக் காய்ச்சல் ஏறும்.
இது வீட்டில கிடந்தா
என்ட கை சும்மா இருக்காது.”

விரித்தாள்.
‘ளைய அதிர்ஷ்டசாலி’ என்றது வீதி.
மான் விழுங்கியது.

முந்நூறு ரூபா எழுதினேன்.
ஐயாவிடம் ஏதோ பொய் சொன்னேன்.
இரும்புப் பெட்டிக்குள்
தாலிக்கொடிகளும் காப்புகளும்
நாளுக்கு நாள் வட்டியில் பாரமாகிக்கொண்டிருக்க,
இது ஒரு மூலையில், கடுதாசிச் சுற்றுக்குள்.
நகராத நாளுக்கு வட்டி போடுவது எப்படி?
எந்தச் சுற்றறிக்கையிலும் இல்லை.

ஒருமுறை நானும் பொத்தியிருக்கிறேன்.
மாதக் கடைசி. கணக்கு ஒன்பது ரூபா உதைத்தது.
இடக்கையில் கல், வலக்கையில் பேனை,
நின்ற விசிறியின் கீழ் தேடிப் பிடித்தேன்.
விரித்தபோது பசித்தது,
ஊரே சாப்பிடாத ஒரு மத்தியானத்தின் பசி.
அதன் பிறகு தொடவில்லை.
தொடவில்லை என்பது
முழுக்க உண்மையில்லை.

தவணை முடிகிற நாளில் வந்தாள்.
மீட்கவில்லை. வட்டி மட்டும் கட்டினாள்.
நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.
கம்பிவலைக்கு இந்தப் பக்கமிருந்து
கேட்கக்கூடிய கேள்வியா அது.
அடுத்த வருடமும் வட்டி.
கடல் கொந்தளிப்பு, லாஞ்சு பிந்தியது என்றாள்,
அவ்வளவுதான்.

மூன்றாம் வருடம் பேர்சைத் திறந்தபோது
சில்லறையோடு ஒரு கொப்பித் தாளும் விழுந்தது.
நீலப் பேனையால் சுற்றி வரைந்த ஒரு பாதம்.
சப்பாத்துக் கடைக்கு அளவு.
உள்ளங்கால் வளைவில் மட்டும்
கோடு துள்ளித் தாளுக்கு வெளியே ஓடியிருந்தது.
கூச்சத்தில் இழுத்திருப்பான்.

“ஒரு விரல் கூட விட்டு வாங்குங்க” என்றேன்.
“ஓம், அதான்.
ஒரு இடத்தில நிக்கிறானில்ல” என்றவள்,
லாஞ்சுக்கு நேரமாகுது என்று
மிச்சக் காசை எண்ணாமலே போனாள்.